பயந்து ஆடிய மிலாடா

1986ஆம் ஆண்டு ஒக்டோபரில் எங்கள் வீட்டுக்கு எதிரேயிருந்த பஸ் தரிப்பிடத்தில் ஓர் ஆள் வந்து நிற்கத் தொடங்கினான். சாம்பல் நிற மழைக்கோட்டு, கையில் ஒரு துணிப்பை. எம்மன்ப்ருக்கே போகும் பஸ் வரும், கதவு திறக்கும், மூடும், போய்விடும். அவன் ஏறமாட்டான். எங்கள் கட்டிடத்தின் யன்னல்களை அண்ணாந்து பார்த்தபடி நிற்பான். பிறகு திடீரென்று நடந்து போய்விடுவான். ஒரு நாள் வரமாட்டான், அடுத்த நாள் நிற்பான்.

சுவிஸின் லுசேர்ண் நகரில் பாசல் வீதி அப்போது இத்தாலியர், ஸ்பானியர், யூகோஸ்லாவியர் என்று வெளிநாட்டுத் தொழிலாளர் நிறைந்திருந்த இடம். நானும் என் கணவர் இராஜசிங்கமும் மூன்றாம் மாடியில் குடியிருந்தோம். ஏரிக்கரையிலிருந்த ஒரு ஹோட்டலில் இவர் கோப்பை கழுவினார். நான் அதே ஹோட்டலில் படுக்கை விரிப்புகள் தோய்க்கும் பகுதியில் நின்றேன். எங்கள் அகதி வழக்கு தலைநகர் பேர்னில் முடியாமல் கிடந்தது. தமிழரைத் திருப்பி அனுப்பப் போகிறார்கள் என்று ஹோட்டல் சமையலறையில் கிழமைக்கு ஒரு கதை வரும். விமானமும் ஒழுங்கு செய்தாயிற்று என்பார்கள். அடுத்த கிழமை, இல்லை, நிறுத்திவிட்டார்கள் என்பார்கள். ஊஸ்டர் என்ற ஊரில் இருந்த இவருடைய கூட்டாளி தவச்செல்வன், விடியப்புறம் வாசலில் பொலிஸைக் கண்டு யன்னலால் பாய்ந்து காலை முறித்துக்கொண்டார். பொலிஸ் வந்தது பக்கத்து வீட்டுச் சண்டைக்கு.

"உவன் பொலிஸ்தான்," இவர் திரைச்சீலைக்குப் பின்னால் நின்று சொன்னார். "சிவில் உடுப்பிலை விட்டிருக்கிறாங்கள். ஆர் வாறது, ஆர் போறது எண்டு பாக்கிறான்."

"எங்களை ஏன் ஒளிச்சு நிண்டு பாக்கோணும்? ஒரு கடிதம் போட்டால் நாங்களே போவம்தானே."

"நீர் ஒண்டும் விளங்காமல் கதைக்கிறீர்."

அன்றிலிருந்து இவர் முன்வாசலால் போகவில்லை. குப்பைத் தொட்டிகள் வைத்திருக்கும் பின்வளவால் இறங்கி, மலைச்சரிவை ஒட்டிய படிகளால் சுற்றிக்கொண்டு வேலைக்குப் போனார்.

இரண்டொரு நாளில் எங்கள் கதவை யாரோ விரல் நுனியால் தட்டினார்கள். பார்த்தால் மேல்வீட்டு மிலாடா. நான்காம் மாடியில் தனியாக இருந்த செக் நாட்டு அம்மா. முகம் வெளுத்திருந்தது.

"நாயகி, கீழை நிக்கிற ஆளைப் பாத்தனியோ?"

"பாத்தனான். எங்களைத்தான் தேடி வந்திருக்கிறான்."

"உங்களையோ? இல்லை. அவன் என்னைத் தேடி வந்தவன். அவன்ரை சப்பாத்தைப் பார். அது இஞ்சை விக்கிற சப்பாத்தில்லை. அவன் பிராக்கிலை இருந்து வந்திருக்கிறான்."

ஒரே ஆள் யாருடைய பொலிஸ்காரன் என்று நாங்கள் இருவரும் வாசலில் நின்று வாதாடியதை இன்று நினைத்தால் சிரிப்பு வருகிறது. அன்று ஒருவரும் சிரிக்கவில்லை. மிலாடா கீழே இறங்கிப் போய் அழைப்புமணிப் பலகையிலும் கடிதப் பெட்டியிலும் ஒட்டியிருந்த தன் பெயரை நகத்தால் சுரண்டி எடுத்தார்.

*

மிலாடா ஹவ்ரான்கோவாவுக்கு அப்போது எழுபத்தெட்டு வயது. குள்ளமான உருவம், கத்தரித்த நரைமுடி. எங்கள் கட்டிடத்தில் உடுப்புத் தோய்க்கும் இயந்திரம் நிலவறையில் இருந்தது. ஒவ்வொரு வீட்டுக்கும் ஒரு நாள். அவருடைய நாளும் என்னுடைய நாளும் அடுத்தடுத்து வந்ததால் நாங்கள் பழகினோம். பெரிய விரிப்பை மடிக்க இரண்டு பேர் வேண்டும். அவர் ஒரு முனையைப் பிடித்து இழுத்தால் என் கையிலிருந்து விரிப்பு வழுகிப் போகும். அப்போதுதான் கவனித்தேன், அவருடைய வலது முன்கை இடது கையைவிட நன்றாகப் பருத்திருந்தது.

"டென்னிஸ்," என்றார்.

டென்னிஸ் என்றால் எனக்கு யாழ்ப்பாணத்தில் அரசாங்கக் கச்சேரிப் பக்கத்தில் பெரிய உத்தியோகத்தர்கள் வெள்ளைக் காற்சட்டையோடு ஆடுவதுதான் ஞாபகம். ஒரு பெண் அதைத் தொழில்போலச் செய்து ஊர் ஊராகப் போயிருக்கிறாள் என்பது புதினமாக இருந்தது. கேட்கக் கேட்க, நிலவறையில் விரிப்பு மடித்தபடி கொஞ்சம் கொஞ்சமாகச் சொன்னார். நாங்கள் பேசிய ஜெர்மன் இருவருக்குமே சொந்தப் பாஷை இல்லை. இப்போது எழுதும்போது அவர் எங்கள் ஊர்க் கதை கதைப்பதுபோல வருகிறது. என் மனதில் அவருடைய குரல் அப்படித்தான் பதிந்திருக்கிறது.

அவருடைய தகப்பன் பில்சன் நகரத்தில் பியர் ஆலைக்காரரின் விளையாட்டுக் கழகத்தில் மைதானம் பார்ப்பவர். செங்கல்லை இடித்துப் பொடியாக்கிப் பரப்பிய சிவப்புத் தரை. காலையில் தண்ணீர் தெளித்து உருளை இழுக்கவேண்டும். மிலாடா தகப்பனோடு சேர்ந்து உருளை இழுத்தார். ஆனால் அந்தத் தரையில் மட்டை பிடிக்க அவருக்கு அனுமதி இல்லை. யாரோ எறிந்த, நரம்பு அறுந்த மட்டையைக் கட்டிச் சரிசெய்து, கொட்டிலுக்குப் பின்னாலிருந்த சுவரில் அடித்துப் பழகினார். சத்தம் கேட்டால் தகப்பனின் வேலை போய்விடுமோ என்று பயம். அதனால் மெல்ல அடித்தார்.

"என்ரை ஆட்டம் அந்தச் சுவரிலைதான் வந்தது," என்றார். "சத்தமில்லாமல் திருப்பி அனுப்புறது."

பதினைந்து வயதில் ஒரு நாள், கழகத்துச் சீமாட்டிகள் நாலு பேர் ஆட வந்த இடத்தில் ஒருவருக்குத் தலையிடி. ஆள் குறைந்தது. தகப்பன் மகளை முன்னே தள்ளிவிட்டார். அன்று மிலாடாவின் பக்கம் போன பந்து ஒவ்வொன்றும் திரும்பி வந்தது. பக்கத்து ஊர்க் கழகத்தை வெல்ல ஆள் தேடிக்கொண்டிருந்தவர்கள், அடுத்த கோடையில் மைதானக்காரன் மகளுக்கு வெள்ளைச் சட்டை தைத்துக் கொடுத்தார்கள். 1928இல் பிராக்கில் நடந்த ஒரு பெரிய போட்டியில் இறுதி ஆட்டம் வரை போய்த் தோற்றார். அதன் பிறகு வெளிநாட்டு அழைப்புகள் வந்தன. அந்தக் காலத்தில் அவர்களுக்கு ஆட்டத்துக்குச் சம்பளம் கிடையாது. ரயில் டிக்கெட்டும் ஹோட்டல் அறையும் கிடைக்கும், வென்றால் வெள்ளிச் சிகரெட் பெட்டி. குளிர்காலத்தில் பிராக்கில் ஒரு கையுறைக் கடையில் நின்று விற்றார். வசந்தம் வந்ததும் மட்டையைத் தூக்கிக்கொண்டு இத்தாலி, பிரான்ஸ், லண்டன் என்று புறப்பட்டார். லண்டன் புல்தரையில் ஒரு தடவை மூன்றாம் சுற்று வரை போனாராம். லுசேர்ணுக்கும் வந்து ஏரிக்கரையில் ஆடியிருக்கிறார்.

"வெல்ல வேணும் எண்டு நான் ஒருநாளும் அடிச்சதில்லை, நாயகி. தோக்கக்கூடாது எண்டுதான் அடிச்சனான். அது வேறை ஆட்டம்."

ஒவ்வொரு ஆட்டத்துக்கும் முன்னால் அவருக்குச் சாப்பாடு இறங்காது. உடுப்பு மாற்றும் அறையில் வாந்தி எடுப்பார். மைதானத்துக்குள் கால் வைத்த பிறகும் பயம் போகாது. ஆனால் அங்கே அது உதவியது. பயத்தில் கண் விரியும். எதிரி மட்டையைத் திருப்பும்போதே பந்து எங்கே வரும் என்று தெரிந்துவிடும். அவரோடு ஆடிய பலசாலிகள் அடித்து அடித்துக் களைத்துப்போய்த் தாங்களாகவே பந்தை வலையில் போட்டார்கள்.

இரட்டையர் ஆட்டத்தில் அவருக்கு ஒரு கூட்டாளி இருந்தாள். புர்னோ நகரத்து யூதப் பெண், எர்னா லோவி. நெடுத்தவள், பெரிய சிரிப்பு, பயம் என்றால் என்னவென்று தெரியாதவள். எர்னா வலைக்குக் கிட்ட நின்று அடித்து முடிப்பாள். மிலாடா பின்னால் நின்று வந்ததையெல்லாம் பொறுக்குவார். ஐந்தாறு வருடம் அவர்கள் அப்படிச் சேர்ந்து ஊர் சுற்றினார்கள். எர்னாவின் பெயரைச் சொல்லும்போது மட்டும் மிலாடா விரிப்பை மடிப்பதை நிறுத்திவிடுவார்.

1937இல் ஜெர்மனியில் ஓர் ஊரில் போட்டி. போய் இறங்கியதும், எர்னாவின் பெயர் தங்களுக்கு வந்து சேரவில்லை என்றார்கள். மிலாடாவுக்கு வேறொரு கூட்டாளி தருகிறோம் என்றார்கள். மிலாடா ஆடவில்லை, இருவரும் அடுத்த ரயிலில் திரும்பினார்கள்.

"நல்ல துணிவு உங்களுக்கு," என்றேன்.

"துணிவோ? அவள் இல்லாமல் அந்த மைதானத்திலை நிக்கப் பயம். அதுதான் வந்தனான்."

பிறகு 1939 மார்ச். இருவரும் பிரான்சின் தென்கரையில் மென்டன் என்ற ஊரில் ஆடிக்கொண்டிருந்தார்கள். வெயில், கடல், பழம் நிறைந்த தோடைமரம். அன்று காலை அவர்களுடைய நாட்டுக்குள் ஜெர்மன் படை புகுந்துவிட்டது என்று ஹோட்டல்காரன் சொன்னான். பகல் அரையிறுதி ஆட்டம். மைதானத்தின் ஓரத்தில் கரும்பலகை; ஆட்டக்காரரின் பெயருக்குப் பக்கத்தில் நாட்டின் பெயரைச் சோக்கால் எழுதுவது வழக்கம். போட்டி நடத்துபவர் சோக்கைக் கையில் வைத்துக்கொண்டு வந்து, மிக மரியாதையாக, இனி உங்களுக்கு என்ன எழுதுவது என்று கேட்டார். எர்னா சொன்னாள், ஒன்றும் எழுத வேண்டாம், வெறுமையாக விடுங்கள் என்று.

முதல் செட்டில் அவர்களுக்கு ஓர் ஆட்டம்கூடக் கிடைக்கவில்லை. பிறகு எப்படியோ வென்றார்கள். பார்த்திருந்தவர்கள் எழுந்து நின்று கைதட்டினார்களாம். "செத்த வீட்டிலை கைதட்டின மாதிரி இருந்தது," என்றார் மிலாடா.

அடுத்த கிழமை எர்னா பிரான்சிலேயே நின்றுவிட்டாள். தாயும் தங்கை யர்மிலாவும் பில்சனில் இருந்ததால் மிலாடா திரும்பிப் போனார். ரயில் நிலையத்தில் எர்னா அவருடைய மட்டைப் பையைப் பிடித்துக்கொண்டு விடவில்லை. போகாதே, போனால் உன்னைக் கொன்றுவிடுவார்கள் என்றாள். போர் முடியும்வரை மிலாடா கையுறைத் தொழிற்சாலையில் படைக்காரருக்குத் தைத்தார். பட்டினி கிடந்தார், தாயைப் புதைத்தார், ஆனால் உயிரோடு இருந்தார். பிரான்சில் நின்ற எர்னாவைத்தான் 1942இல் பிடித்துக் கிழக்கே முகாமுக்கு ரயிலேற்றினார்கள். அவள் திரும்பவில்லை.

போர் முடிய மிலாடாவுக்கு முப்பத்தேழு வயது. போட்டி ஆடும் காலம் போய்விட்டது. இளம்பெண்களுக்குப் பயிற்சி கொடுத்தார். புதிய கம்யூனிஸ்ட் ஆட்சியில் கழகத்தில் யார் யாரைப்பற்றிச் சொல்லிக் கொடுக்கிறார்கள் என்று தெரியாமல் எல்லோரும் வாயை மூடிக்கொண்டு இருந்தார்கள். 1949 கோடையில் இரண்டு ஆட்டக்காரிகளோடு சுவிசுக்கு ஒரு போட்டிக்கு வந்தவர், திரும்பிப் போகும் ரயிலில் ஏறவில்லை. அதன் பிறகு முழங்கால் பழுதாகும் வரை லுசேர்ண் ஹோட்டல் மைதானங்களில் விருந்தாளிகளுக்குப் பந்து போட்டுக் கொடுத்துப் பிழைத்தார். சுவிஸ் கடவுச்சீட்டும் எடுத்துவிட்டார். ஆனாலும் இப்படித் திரும்பாமல் நின்றவர்களைச் செக் நாட்டு உளவுக்காரர் காரில் ஏற்றிக் கொண்டுபோன கதைகளை அவர் கேட்டிருந்தார். முப்பத்தேழு வருடமாக அந்தக் காருக்குக் காத்திருந்தார்.

*

நவம்பரில் ஒரு சனிக்கிழமைப் பிற்பகல். அந்த ஆள் வரத் தொடங்கிய பிறகு மிலாடா தனியே இருக்கப் பயந்து எங்கள் குசினியில் வந்து இருப்பார். அன்றும் நான் பிளேன்ரீ ஊற்றிக் கொடுத்திருந்தேன். இவர் யன்னலடியில் நின்றார்.

"நாயகி," என்றார் இவர், குரல் மாறி. "ஆள் வீதியைக் கடக்கிறான்."

கீழே பெருங்கதவு திறந்து மூடியது. எங்கள் கட்டிடத்தின் படிகள் பழைய மரப்படிகள். யார் எத்தனையாம் மாடியில் வருகிறார்கள் என்பது உள்ளே இருந்தே தெரியும். முதலாம் மாடியில் காலடி நின்றது. கதவுகளில் பெயர் பார்க்கிறான். இரண்டாம் மாடியில் நின்றது. பிறகு எங்கள் மாடி. கதவின் மறுபக்கம் மூச்சு வாங்குவது கேட்டது. நான் மிலாடாவின் கையைப் பிடித்தேன். பச்சைத் தண்ணீராக இருந்தது. காலடி மேலே போனது. நான்காம் மாடியில் மிலாடாவின் வீட்டு மணி அடித்தது. மறுபடியும் அடித்தது. பிறகு கையால் தட்டினான்.

நான் சொன்னேன் பார் என்பதுபோல மிலாடா என்னைப் பார்த்தார். இவருக்கு ஒரு கணம் முகத்தில் உயிர் வந்ததை நான் கண்டேன். எங்களுக்கு இல்லை, அவவுக்குத்தான் என்ற நிம்மதி. அதற்காக அவரைக் குறை சொல்ல எனக்கு வாயில்லை. எனக்கும் அப்படித்தான் இருந்தது.

காலடி இறங்கி வந்து எங்கள் கதவில் நின்றது. மணி அடித்தது. இவர் சத்தமில்லாமல் குளியலறைக்குள் போய்ப் பூட்டிக்கொண்டார்.

"மன்னிக்க வேணும்," வெளியே ஒரு குரல், முறிந்த ஜெர்மனில். "மேல்வீட்டு ஹவ்ரான்கோவா அம்மா எங்கை எண்டு தெரியுமோ? நான் அவவின்ரை தங்கச்சி மகன்."

மிலாடா தலையை ஆட்டினார். "பொய்," என்று என் காதுக்குள் சொன்னார். "உப்பிடித்தான் சொல்லிக்கொண்டு வருவாங்கள்."

அவன் திரும்பப் போகும் சத்தம் கேட்டது. இரண்டு படி இறங்கியிருப்பான். என்ன நினைத்தாரோ, மிலாடா எழுந்து கதவடிக்குப் போனார். திறக்காமல், தங்கள் பாஷையில் ஒரு கேள்வி கேட்டார். வெளியே படி ஏறும் சத்தம். பிறகு ஒரு சின்னப் பதில். மிலாடா வாயைப் பொத்திக்கொண்டு கதவைத் திறந்தார்.

பிறகுதான் எனக்கு விளங்கப்படுத்தினார். உன் தாய்க்கு எந்தக் காது கேட்காது என்று கேட்டிருக்கிறார். இடது காது, சின்ன வயதில் பெரியம்மா அடித்த பந்து பட்டது என்று அவன் சொல்லியிருக்கிறான்.

அவன் பெயர் ராடெக். நாற்பது வயது, நெசவு இயந்திரம் பூட்டுபவன். லுசேர்ணுக்கு வெளியே ஓர் ஆலைக்குச் செக் நாட்டு இயந்திரங்கள் வந்திருந்தன. அவற்றைப் பூட்ட ஆறு பேரை அனுப்பியிருந்தார்கள், அவர்களைக் கண்காணிக்க ஒருவனையும். உள்ளே வருமுன் ராடெக் படிக்கட்டை ஒருமுறை எட்டிப் பார்த்தான். நாங்கள் பார்க்கிற மாதிரியே பார்த்தான்.

"பஸ் தரிப்பிடத்திலை ஏன் நிண்டனீர்?" என்று கேட்டேன்.

"ஆரும் எனக்குப் பின்னாலை வருகினமோ எண்டு பாக்க. ஓடிப்போன பெரியம்மாவைச் சந்திச்சது தெரிஞ்சால் என்ரை வேலை போயிடும். முதல் நாள் மணிப் பலகையிலை பேர் இருந்தது. துணிஞ்சு வந்த அண்டைக்குப் பேரைக் காணேல்லை."

குளியலறைக் கதவு மெதுவாகத் திறந்தது. இவர் முகம் கழுவியதுபோலத் துவாயால் துடைத்துக்கொண்டு வந்தார்.

ராடெக் சொல்ல வந்தது, யர்மிலா மாசி மாதத்தில் இறந்துவிட்டாள் என்பதை. கடிதம் எழுதப் பயந்திருக்கிறான். மிலாடா அழவில்லை. மேசை விளிம்பைப் பிடித்துக்கொண்டு, கடைசியில் யார் பக்கத்தில் இருந்தது என்று மட்டும் கேட்டார்.

"நானும் ஹெலெனாவும்," என்றான். ஹெலெனா அவன் மனைவி. அவர்களுக்கு ஒன்பது வயதில் ஒரு மகள்.

பிறகு அவன் குரலைத் தாழ்த்தி, தான் உண்மையில் கேட்க வந்ததைக் கேட்டான். வெள்ளிக்கிழமை அவர்களைத் திருப்பிக் கொண்டுபோகும் வேன் புறப்படுகிறது. ஏறாமல் நின்றுவிட்டால் என்ன? பெரியம்மா நின்றதுபோல.

மிலாடா தேநீர்க் கோப்பையைத் தள்ளி வைத்தார்.

"என்னட்டைக் கேக்காதை," என்றார். எங்களுக்கும் விளங்கட்டும் என்றோ என்னவோ, ஜெர்மனில்தான் சொன்னார். "முப்பத்தொன்பதிலை நான் போனன். உயிரோடை இருக்கிறன். எர்னா நிண்டாள், செத்தாள். நாப்பத்தொன்பதிலை நான் நிண்டன். உன்ரை அம்மாவை, படிப்பிச்ச பள்ளிக்கூடத்திலை இருந்து கலைச்சு, பியர்ப் போத்தல் கழுவ விட்டாங்கள். உன்னைப் படிக்க விடேல்லை. எது சரி எண்டு எனக்கு இண்டைக்கும் தெரியாது. ஒண்டு மட்டும் தெரியும். எந்தப் பக்கம் அடிச்சாலும் பந்து ஆரோ ஒராளிலை படும்."

"நில்லுங்கோ," என்றார் இவர். "நானும் முதலிலை தனியத்தான் வந்தனான். பிறகு இவவைக் கூப்பிட்டனான்தானே."

அப்போது எனக்குள் ஏதோ உடைந்தது. இவர் 1983இல் வந்தார். நான் வந்தது 1985இல். இடையில் நடந்ததை நான் இவருக்கு முழுதாகச் சொன்னதில்லை. தொலைபேசியில் சொல்ல முடியாது. வந்த பிறகு சொல்ல மனமில்லை. அன்று அந்த முறிந்த ஜெர்மனில், முன்பின் தெரியாத ஒரு செக் நாட்டுக்காரனுக்குச் சொன்னேன். ஊரில் ஒழுங்கை முகப்பில் ஆமிக்காரரின் ஜீப் நின்றால் அடுப்பை அணைத்துவிட்டு இருட்டில் இருப்பேன். அவர்கள் உள்ளே வருவார்கள். புருஷன் எங்கே என்று கேட்பார்கள். வெளிநாடு என்றால் நம்பமாட்டார்கள். காட்டில் இயக்கத்தோடு இருக்கிறான், சொல்லு என்பார்கள். ஒரு தடவை இவருடைய தம்பியைக் கூட்டிக்கொண்டு போய், நடக்க முடியாதவனாக விட்டார்கள். ஒருமுறை துவக்கின் முனையால் என் தலைமயிரை ஒதுக்கிப் பார்த்தார்கள். அதற்கு மேல் ஒன்றும் செய்யவில்லை. ஆனால் அடுத்த முறை செய்வார்கள் என்று ஒவ்வொரு நாளும் காத்திருந்தேன்.

"இதை ஏன் எனக்குச் சொல்லேல்லை?" என்று இவர் தமிழில் கேட்டார்.

ராடெக் என்னைப் பார்த்தபடி இருந்தான். "ஒவ்வொரு தரமும் என்ன கேட்டவங்கள்?" என்றான்.

"அவர் எங்கை எண்டு. வேறை கேள்வி இல்லை."

அவன் எழுந்து கோட்டைப் போட்டுக்கொண்டான். மிலாடா அவனுடைய முகத்தை இரண்டு கையாலும் பிடித்தார். மூன்று வயதில் பார்த்த முகம். பெரியம்மாவும் மகனும் தங்கள் பாஷையில் என்ன சொல்லிக்கொண்டார்கள் என்று நான் கேட்கவில்லை. வெள்ளிக்கிழமை அவன் வேனில் ஏறிப் போய்விட்டான்.

*

பயம் அதோடு தீரவில்லை. திசை மாறியது. தனக்கு என்ன நடக்கும் என்று பயந்த மிலாடா, இப்போது ராடெக்குக்கு என்ன நடந்திருக்கும் என்று பயந்தார். படிக்கட்டில் அவனை யாரேனும் கண்டார்களா? போன கையோடு பிடித்தார்களா? எழுதினால் ஆபத்து, அவனும் எழுதவில்லை. நிலவறையில் விரிப்பு மடிக்கும்போது நாங்கள் அவனைப்பற்றிப் பேசுவதை நிறுத்திவிட்டோம். எனக்கு வேறு ஒரு பயம். நான் வாயைத் திறக்காமல் இருந்திருந்தால் அவன் நின்றிருப்பான். ஒரு மனுஷனை நான்தான் சிறைக்கு அனுப்பினேனோ என்று துடைக்கும்போதும் சமைக்கும்போதும் நினைப்பு வரும். இவரும் மாறிப்போனார். ஹோட்டலில் யாராவது ஊர்க் கதை தொடங்கினால் எழுந்து போய்விடுவார். வீட்டில் கதவு மணி அடித்தால் குளியலறைக்குப் போவதில்லை, எனக்கு முன்னால் வந்து நின்றார்.

1988இல் எங்களுக்கு இருக்க அனுமதி கிடைத்தது. அடுத்த வருடம் நவம்பரில், மிலாடாவின் தொலைக்காட்சியில், பிராக் நகரத்துச் சதுக்கத்தில் சனம் ஆட்சியைப் போகச் சொல்லிச் சாவிக்கொத்துகளைக் குலுக்கிக்கொண்டு நின்றதைப் பார்த்தோம். அவர் சத்தத்தைக் குறைத்துவிட்டுப் பார்த்தார். இரண்டு கிழமையில் ஆட்சி விழுந்தது, தொலைபேசி அடித்தது. ராடெக். உயிரோடு இருந்தான், அதே ஆலையில் இருந்தான். போன புதிதில் நாலு தடவை கூப்பிட்டு விசாரித்தார்களாம், பிறகு விட்டுவிட்டார்களாம். கிறிஸ்மஸ் முடிய மனைவியோடும் மகளோடும் காரில் வருகிறேன், உங்களைப் பில்சனுக்குக் கூட்டிக்கொண்டு போகப்போகிறேன் என்றான்.

அதற்கு விசா வேண்டும். விசாவுக்குப் பேர்னிலிருந்த அவர்களுடைய தூதரகத்துக்குப் போக வேண்டும். மிலாடா என்னையும் கூட்டிக்கொண்டு போனார். தெரு முனையில் கொடியைக் கண்டதும் அவர் நின்றுவிட்டார்.

"உள்ளை போனால் விடுவாங்களோ, நாயகி?"

எனக்கும் எங்கள் நாட்டுத் தூதரகம் என்றால் அப்படித்தான் இருக்கும். ஆகவே ஒன்றும் ஆகாது என்று வாயால் சொல்ல எனக்கு வரவில்லை. "நான் வாசலிலை நிக்கிறன்," என்றேன். "நீங்கள் வர நேரம் போனால் சத்தம் போடுவன்."

"நல்லாச் சத்தம் போடு."

அவர் உள்ளே போனார். நான் கம்பி வேலியடியில் பனிக்குள் நின்றேன். என்ன சொல்லிக் கத்துவது என்று ஜெர்மனில் வசனம் கூட்டிப் பார்த்தேன். கொஞ்ச நேரத்தில் வெளியே வந்துவிட்டார். மூக்கு சிவந்திருந்தது. உள்ளே ஓர் இளம் பெடிச்சி இருந்தாளாம், வாயில் மிட்டாய். முத்திரை குத்தி, நல்ல கிறிஸ்மஸ் என்று சொல்லிக் கொடுத்தாளாம். அவ்வளவுதான்.

மிலாடா பாதையோர வாங்கில் பனியைத் தட்டாமலே உட்கார்ந்தார். கையுறையைக் கழற்றிக் கோபத்தோடு மடியில் எறிந்தார்.

"நாப்பது வருசம். இந்தப் பெடிச்சிக்கோ நான் பயந்தனான்?"

"அண்டைக்கு இருந்தது இவள் இல்லைத்தானே," என்றேன்.

அவர் எழுந்து நடந்தார். ரயிலில் திரும்பி வரும் வழி முழுக்கக் கடவுச்சீட்டை இரண்டு கையாலும் பொத்திப் பிடித்திருந்தார்.

கிறிஸ்மஸுக்கு அடுத்த கிழமை ராடெக்கின் பழைய காரில் ஏறிப் போனார். வருடப் பிறப்பன்று பகல் பில்சனில் இருந்து எனக்குத் தொலைபேசி எடுத்தார். வழி எப்படி என்று கேட்டேன். எல்லையில் காவலன் கடவுச்சீட்டைப் புரட்டியபோது காருக்குள் வாந்தி எடுத்துவிட்டேன் என்றார். கழகத்தைப் போய்ப் பார்த்தாராம். தரையெல்லாம் பனியாம். தங்கையின் கட்டிலில் படுக்கிறாராம்.

"நித்திரை வருதோ?" என்று கேட்டேன்.

"விடியும் மட்டும் காது குடுத்துக்கொண்டு கிடந்தனான்," என்றார் மிலாடா. "ஒருவரும் வரேல்லை."